சுவரிலிருந்து நான் பிய்த்த அட்டைகள்

என் மகளுக்கு ஆட்டிசம். ஏழு வயதாகிறது, ஒரு சொல் பேசமாட்டாள். பேச்சுக்குப் பதிலாக, மம்சாபுரத்தில் எங்கள் நடுவீட்டுச் சுவரில் பதினோரு பட அட்டைகள் இருந்தன. தண்ணீர், சோறு, கக்கூஸ், வலி, போதும் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு படம். செருப்பில் வருமே, பிய்த்தால் பிய்ந்து அழுத்தினால் ஒட்டும் பட்டை, அதில்தான் ஒட்டியிருந்தோம். வேண்டியதைப் பிய்த்து வந்து எங்கள் கையில் வைப்பாள். உடனே கொடுத்துவிட வேண்டும்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் பயிற்சி கொடுத்த டீச்சர் முதலில் தந்தது கோட்டில் வரைந்த டம்ளர். ஐந்து மாதம் மகள் அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பிறகு எங்கள் வீட்டுப் பச்சை பிளாஸ்டிக் டம்ளரையே போட்டோ எடுத்து ஒட்டினோம். ஒருநாள் ராஜபாளையம் மில்லில் ஷிப்ட் முடித்து வந்து கைலி மாற்றிக்கொண்டிருந்தேன். அந்த அட்டையைக் கொண்டுவந்து என் கையில் வைத்தாள். பெற்ற பிள்ளை முதல்முறையாக என்னிடம் ஒன்று கேட்கிறது. மொண்டு கொடுப்பதற்குள் பாதித் தண்ணீரைத் தரையில் சிந்திவிட்டேன்.

அந்த அட்டைகளைத்தான் என் கையாலேயே பிய்த்தேன்.

என் தங்கையைப் பெண் பார்க்க வருகிறார்கள் என்றதும் சித்தப்பா சுவரைப் பார்த்தார். "இது என்னன்னு அவிய கேட்டா என்னலே சொல்லுவ? குடும்பத்துல ஒண்ணு இப்படின்னா, பொண்ணு வயித்துலயும் அப்படித்தான் பொறக்கும்னு எந்திரிச்சுப் போயிருவாக. ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணுன்னு சும்மாவா சொன்னாக? கழட்டு."

தங்கைதான் தடுத்தாள். "அண்ணே, பிள்ளை தண்ணிக்கு என்ன செய்யும்?"

"ரெண்டு மணி நேரம் குடிக்காட்டி செத்தா போயிரும்?" என்று எரிந்து விழுந்தேன். இப்போது நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருக்கிறது.

பசைக்கறை தெரியாமல் காலண்டர் ஒன்றை மாட்டினேன். வந்தவர்கள் காபி குடிக்கையில் மகள் வந்து காலண்டரைத் தள்ளிவிட்டுச் சுவரைத் தடவினாள், சுரண்டினாள், பிறகு தன் கையையே கடித்துக்கொண்டு அலறினாள். "காய்ச்சல், அதான் சிணுங்குது," என்று வாய் கூசாமல் சொன்னேன். என் மனைவி அவளைத் தூக்கிக்கொண்டு பின்வாசலுக்கு ஓடினாள்.

சம்பந்தம் முடிந்தது. கல்யாணத்துக்கு மூன்று மாதம் இருந்தது. அதுவரை மாப்பிள்ளை வீட்டார் சொல்லாமல் கொள்ளாமல் வந்து நிற்பார்களே என்று அட்டைகளை பீரோ மேலேயே போட்டுவைத்தேன். மனைவி இரண்டு முறை ஒட்டப் போனாள், நான் விடவில்லை. தெரிந்தவர் கண்ணில் பட்டுவிடும் என்று பயிற்சிக்கும் கூட்டிப்போகவில்லை. முதல் வாரமெல்லாம் மகள் சுவரைச் சுரண்டினாள். பிறகு விட்டுவிட்டாள். பழகிக்கொண்டாள் என்று நிம்மதியாக இருந்தேன், மடையன்.

ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கத்துத் திருவண்ணாமலைப் பெருமாள் கோவிலில் தாலி கட்டி முடிந்தது. மனைவியும் மகளும் வரவில்லை. மறுநாளே அட்டைகளை ஒட்டினேன். மகள் அந்தப் பக்கம் திரும்பவில்லை. டீச்சரிடம் ஓடினேன்.

"பேசுற பிள்ளை வாயை மூணு மாசம் கட்டிப்போட்டுட்டு வந்திருக்கீங்க. மறுபடி முதல்லருந்து பார்ப்போம். வருமான்னு எனக்குத் தெரியல," என்றார்.

மறுவீட்டுக்கு வந்த மாப்பிள்ளை சுவரைப் பார்த்துவிட்டுக் கேட்டார், "இதைப் போய் ஏன் மச்சான் மறைச்சீக?"

ஆறு மாதமாகிறது. அட்டையைக் கையில் திணித்தால் விரலை விரித்துக் கீழே போட்டுவிடுகிறாள். போன வாரம் குளியலறைக்குள் வாளியில் முகத்தை விட்டுத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள். நான் நிற்பது தெரிந்தும் நிமிரவில்லை. குடித்து முடித்து, ஈர முகத்தோடு என்னைத் தாண்டிப் போனாள். தாகம் எடுத்தால் இப்போது அங்கேதான் போகிறாள். எங்களிடம் கேட்பதில்லை.