இடிக்கக் கூடாத கட்டடம்

கடைவீதியில் எல்லோருக்கும் அவள் கண்ணாடிக்கடை அக்கா. கீழே அப்பா விட்டுப்போன மூக்குக்கண்ணாடிக் கடை. மேலே அவளும் தம்பி குடும்பமும். வளைவு ஜன்னல்கள், தெருவைப் பார்த்த மரப் பால்கனி, முகப்பில் சுண்ணாம்பில் இழைத்த பூவேலை. ஒருகாலத்தில் வீதி முழுக்கவே அப்படித்தான் இருந்தது. பிறகு ஒவ்வொன்றாக இடித்து, தீப்பெட்டிகளை அடுக்கியதுபோல் கட்டிவிட்டார்கள்.

பஸ் நிலையம் ஊருக்கு வெளியே போனதும் வியாபாரம் படுத்துவிட்டது. தம்பி நச்சரிக்க ஆரம்பித்தான்.

"இப்பவே வித்துட்டா ரெண்டு பேரும் நிம்மதியா இருக்கலாம்க்கா."

"நான் போனப்புறம் என்ன வேணா பண்ணிக்கோ."

அவன் கேட்கவில்லை. ஒருநாள் தரகரையே கூட்டிவந்து, கல்யாணத்துக்குப் பெண் காட்டுவதுபோல் அறை அறையாகக் காட்டினான். அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நேரே அரசு அலுவலகத்துக்குப் போய், இதைப் பழமையான கட்டடமாக அறிவித்துவிடுங்கள் என்று கேட்டாள். அதிகாரி வந்து பார்த்து வாயைப் பிளந்தார். சில மாதங்களில் முகப்பில் பித்தளைப் பலகை ஏறியது. இனி யாரும் இடிக்க முடியாது. தரகர் அந்தப் பக்கமே தலைகாட்டவில்லை.

"ஜெயிச்சுட்டேல்ல? இதையே கட்டிக்கிட்டு அழு" என்று சொல்லிவிட்டுத் தம்பி வாடகை வீட்டுக்குக் குடிபோனான்.

அடுத்த மழையில் கூரை ஒழுகியது. பால்கனியைத் தாங்கிய உத்திரம் உளுத்திருந்தது. கொத்தனாரைக் கூப்பிட்டாள், அதிகாரி வந்து தடுத்துவிட்டார். அதே மரம், அதே சுண்ணாம்பு, அதுவும் அவர்களுடைய பொறியாளர் பார்த்த பிறகுதான்.

"ஒரு இரும்புத் தூணாவது வைக்கக் கூடாதா சார்?"

"அழகு கெட்டுடும்மா."

"தலையில விழுந்தா மட்டும் அழகா இருக்குமா?"

அவர் சிரித்தார். பொறியாளர் வரவேயில்லை.

ஒரு மத்தியானம் பால்கனியின் ஒரு முனை தெருவில் விழுந்தது. நல்லவேளை, யாருக்கும் அடிபடவில்லை. இப்போது மட்டும் அதிகாரிகள் ஓடி வந்தார்கள். சவுக்குக் கட்டைகளை முட்டுக்கொடுத்து, மாடிக்குச் சீல் வைத்து, கடை வாசலைப் பாதி மறித்துத் தகரம் அடித்தார்கள். கண் மங்கியவர்கள்தான் அவளுக்கு வாடிக்கை. கட்டைகளுக்குள் புகுந்து வர அவர்களுக்குப் பயம். கடை ஈயோட்டியது. அவள் கண் பரிசோதிக்கும் சின்ன அறையில் பாய் விரித்துப் படுத்துக்கொண்டாள்.

ஒரு காலை, வெளியூர்க்காரர்கள் சிலர் எதிரே நின்று படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஒருத்தி கையசைத்தாள். "அம்மா, கொஞ்சம் உள்ள போறீங்களா? பழைய கட்டடம் மட்டும் வந்தா நல்லாருக்கும்."

உள்ளே போனாள். வீம்பை விட்டுவிட்டுத் தம்பிக்குப் போன் போட்டாள்.

"வித்துடலாம்டா. நீ சொன்னதுதான் சரி."



"இடிக்க முடியாததை யாருக்கா வாங்குவா?" அவன் குரலில் கோபமே இல்லை. கோபப்பட்டிருந்தால் அவளும் பதிலுக்கு நாலு வார்த்தை பேசியிருப்பாள். "பூட்டிட்டு இங்க வந்துடு."

மழைக்காலம் தொடங்குவதற்குள் போய்விட்டாள். தம்பி மனைவி முகம் சுளிக்கவில்லை. கூடத்து மூலையைக் காட்டிப் பெட்டியை அங்கே வைக்கச் சொன்னாள். அவ்வளவுதான். கடைவீதிப் பக்கம் போக வேண்டி வந்தால், அக்கா இப்போது பின்தெரு வழியாகச் சுற்றிப் போகிறாள்.