கூடக் கட்டியவர்

குத்துக்காலிட்டு உட்கார்ந்து, இரும்பு மூடியைத் தூக்கி, கண்ணாடி மேல் ஊரும் எறும்புகளை ஊதித் தள்ளிவிட்டு, தனபாலன் எண்ணை மூன்று முறை உரக்கச் சொல்கிறார். "ஆயிரத்து நானூத்திப் பன்னெண்டு. ஆயிரத்து நானூத்திப் பன்னெண்டு. ஆயிரத்து நானூத்திப் பன்னெண்டு." மூன்றாவது தடவை சொன்ன பிறகுதான் கையிலுள்ள கருவியில் தட்டுவார். இடுப்பில் தொங்கும் சின்னப் பெட்டி கறகறவென்று பில்லைத் துப்பும். அதை ஒரே மடிப்பாக மடித்துத் தபால் பெட்டியில் செருகிவிட்டு அடுத்த கேட்டுக்கு நடப்பார். கிள்ளான் பட்டணத்தில் ஒரு நாளைக்கு நூற்றெண்பது கேட். முப்பத்தோரு வருடமாகத் தண்ணீர் மீட்டர் பார்க்கிறார். நாய்க்கடி ஐந்து, குளவிக்கொட்டு எண்ணிக்கையில் இல்லை.

மனிதர்களை முகத்தைவிடத் தண்ணீரை வைத்துத்தான் அவருக்குத் தெரியும். "பதினோராம் நம்பர்ல மாமியா வந்திருக்காங்க போல. நாலு கன மீட்டர் ஏறியிருக்கு" என்பார். மாமியார் உண்மையிலேயே வந்திருப்பார். எங்காவது குழாய் ஒழுகுகிறது என்று சந்தேகம் வந்துவிட்டால் வீட்டுக்காரரை விடவே மாட்டார். எல்லாக் குழாயையும் மூடச் சொல்லி, அவரையும் பக்கத்தில் குந்த வைத்து, மீட்டரில் சுற்றும் குட்டிச் சிவப்புச் சக்கரத்தைக் காட்டுவார். "எல்லாத்தயும் மூடியாச்சு. இது ஏன் சுத்துது? நீங்க தூங்குறீங்க, இது தூங்கல."

பில்லோடு இலவசமாகப் புத்திமதியும் கொடுப்பார். அந்தப் புத்திமதி பதினோரு வருடமாக ஒன்றே ஒன்றுதான். "வீட்டுக் கடன் இருக்கா? மாசம் இரநூத்தம்பது வெள்ளி கூடப் போடுங்க. முப்பது வருசக் கடன் பறந்துரும். நா போடுறேன் பாருங்க. பேங்குக்காரன் வாயில மண்ணு." யார் கேட்டாலும் சொல்வார், கேட்காவிட்டாலும் சொல்வார். ரொட்டி சானாய் கடையில் இவர் மேசைக்கு வருகிறார் என்றால் இரண்டு பேர் கைப்பேசியை எடுத்துக் காதில் வைத்துக்கொள்வார்கள்.

வீடு வாங்கியது இருபத்தொரு வருடத்துக்கு முன். ஒற்றை மாடி, மூன்று அறை, பின்னால் துணி காயப்போட ஒரு சந்து. கடன் ஒரு லட்சத்து ஆறாயிரம் வெள்ளி. மாதம் அறுநூற்று முப்பத்தைந்து என்று சம்பளத்திலேயே பிடித்துக்கொள்வார்கள். பத்தாம் வருடம் ஒரு நாள் யாரோ கணக்குப் போட்டுக் காட்டினார்கள்: இப்படியே போனால் கடன் முடியும்போது உங்களுக்கு அறுபத்தெட்டு வயது, மாதம் இருநூற்றைம்பது கூடக் கட்டினால் அறுபதிலேயே முடியும். அன்றைக்கு வீட்டுக்கு வந்து மனைவி லோகேஸ்வரியிடம் வாக்குக் கொடுத்தார். "எனக்கு வேல முடியிற அன்னிக்குக் கடனும் முடியும். அன்னியோட நீயும் நிப்பாட்டிரு."

லோகேஸ்வரி கையுறைத் தொழிற்சாலையில் நின்றுகொண்டே வேலை பார்க்கிறவள். ஓடிவரும் அச்சுகளிலிருந்து கையுறையை உருவி உருவி அடுக்க வேண்டும். பத்தொன்பது வருடத்தில் இரண்டு முட்டியும் போய்விட்டது. படி இறங்கும்போது பக்கவாட்டில்தான் இறங்குவாள். வாய் திறந்து வலி என்று சொன்னதில்லை. அறுபது எப்போது வரும் என்று மட்டும் அடிக்கடி கேட்பாள்.

அந்த இருநூற்றைம்பதைத் தனபாலன் சம்பளப் பிடித்தத்தில் சேர்க்கவில்லை. மாதாமாதம் தானே போய்ப் பணம் போடும் இயந்திரத்தின் முன் வரிசையில் நின்று, ஐந்து ஐம்பது வெள்ளி நோட்டுகளை நீவி விட்டுப் போடுவார். கையால் கொடுத்தால்தான் கொடுத்த மாதிரி இருக்குமாம். துண்டுச் சீட்டுகளைக் கட்டிக் கட்டிச் சேர்த்து வைத்தார். அந்தத் தாளில் மை ஒரு வருடம்கூட நிற்காது. பாதிக்கு மேல் இப்போது வெறும் வெள்ளைத் தாள். வங்கியிலிருந்து ஆண்டுக்கு ஒரு முறை வரும் கணக்கறிக்கையை உறை பிரிக்காமலே ரப்பர் போட்டுக் கட்டி வைத்துவிடுவார். ஊர்க்காரர் மீட்டரையெல்லாம் மூன்று தடவை வாய்விட்டுப் படிக்கிற மனிதர் தன் கடனை ஒரு தடவைகூடப் பிரித்துப் பார்க்கவில்லை. ஊருக்குத்தான் உபதேசம் என்று சும்மாவா சொன்னார்கள்.

இந்த வருடம் மார்ச்சில் அறுபது நிறைகிறது. லோகேஸ்வரி ஜனவரியிலேயே, மார்ச் கடைசியோடு வேலையை விடும் கடிதத்தைக் கொடுத்துவிட்டாள். தனபாலனின் மேற்பார்வையாளர் ரொஸ்லி, "இன்னும் ரெண்டு வருசம் ஒப்பந்தத்துல இருங்க, தனா" என்று கேட்டபோது, "இனிமே ஒரு மூடியத் தூக்க மாட்டேன், என்ச்சே" என்று மலாயில் ஐயா போட்டு, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொல்லிவிட்டு வந்தார். பிப்ரவரியில் ஒரு வியாழக்கிழமை லீவு போட்டு, தலைக்கு எண்ணெய் வைத்துப் படியச் சீவி, ஒரு பெட்டி லட்டோடு வங்கிக்குப் போனார். மிச்சத்தை மொத்தமாகக் கட்டி முடித்துவிடலாம் என்பது திட்டம்.

மேசைக்குப் பின்னால் ஹஸ்லிண்டா என்ற சின்னப் பெண் இருந்தாள். தனபாலன் லட்டுப் பெட்டியை முன்னால் வைத்தார்.

"ஆறாயிரத்துச் சொச்சம் இருக்கும். பாத்துச் சொல்லும்மா, இன்னிக்கே முடிச்சிரலாம்."

அவள் திரையைப் பார்த்தாள். "அம்பத்திரண்டாயிரத்துத் தொள்ளாயிரம் இருக்கு, அங்கிள்."

"வேற ஆளு கணக்கப் பாக்கற."

அவள் பெயரையும் அடையாள அட்டை எண்ணையும் படித்துக் காட்டினாள். இவருடையதுதான். தனபாலன் நாற்காலியை மேசைக்குக் கிட்டே இழுத்துக்கொண்டார்.

"பதினோரு வருசம் கூடக் கட்டியிருக்கேன்மா. மாசம் தவறாம."

"கட்டியிருக்கீங்க. முப்பத்து மூவாயிரம் வெள்ளி அப்படியே இருக்கு. ஆனா அது முன்பணமா இருக்கு, அங்கிள். வரப்போற மாசத் தவணைக்குன்னு தனியா ஒதுக்கி வச்சிருக்கு. கடன்ல கழிக்கல. அசல்ல கழிங்கன்னு நீங்க எழுதிக் குடுத்திருக்கணும்."

"கூடக் கட்டுனா கழிப்பாங்கன்னு சொன்னாங்களே."

"எழுதிக் குடுத்தாத்தான். ஒப்பந்தத்துல இருக்கு, நாப்பத்தேழாம் பக்கம்."

"நாப்பத்தேழாம் பக்கத்த எவம்மா படிச்சான்?"

ஹஸ்லிண்டா கொஞ்சம் குரலைத் தாழ்த்தினாள். "நானும் படிக்கல, அங்கிள். போன மாசந்தான் என் வீட்டுக்குக் கையெழுத்து போட்டேன். முப்பத்தஞ்சு வருசம்."

நல்ல பெண். திரையை அவர் பக்கம் திருப்பி, வருடம் வருடமாகக் காட்டினாள். முதல் பத்து வருடத்தில் அவர் கட்டியது எழுபத்தாறாயிரம். அதில் வீட்டுக்குப் போனது பதினேழாயிரம். மீதி ஐம்பத்தொன்பதாயிரமும் வட்டி. கூடுதல் பணம் ஒரு பக்கம் சும்மா கிடக்க, பிந்திய பதினோரு வருடமும் அது கழியாத முழு மிச்சத்துக்கும் வட்டி ஓடியிருக்கிறது. இன்றுவரை கட்டியது மொத்தம் ஒரு லட்சத்துத் தொண்ணூற்று மூவாயிரம். ஒரு லட்சத்து ஆறாயிரம் வாங்கி அவ்வளவு கட்டியும் இன்னும் முடியவில்லை.

தனபாலன் விரலை வட்டி வரிசையில் வைத்து, மேலிருந்து கீழே மெதுவாக இழுத்துக்கொண்டு போனார். "நாந்தான் குழாய மூடிட்டேன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்" என்றார். "இது பாட்டுக்குச் சுத்திக்கிட்டே இருந்திருக்கு."

"உங்க கணக்கு தப்பில்ல, அங்கிள். எழுதிக் குடுத்திருந்தா நீங்க சொன்ன மாதிரி ஆறாயிரந்தான் மிச்சம் இருந்திருக்கும். கடுதாசிதான் இல்ல."

ஒரு கடுதாசி. அரைப் பக்கம். அது இல்லாததால் போனது பதினாலாயிரம் வெள்ளி. அவள் படிவத்தை எடுத்துக் கொடுத்தாள். அவர் நிரப்பினார். முன்பணம் முழுக்க அசலில் கழிந்து, மிச்சம் பத்தொன்பதாயிரத்துத் தொள்ளாயிரம் என்று ஆனது. பழையபடி கூடுதலையும் சேர்த்துக் கட்டினால், இனி உண்மையாகவே கழிந்தால், இரண்டு வருடம். சேமநிதியில் இருந்ததை மகளின் படிப்புக்கு எப்போதோ எடுத்தாயிற்று. மிஞ்சியதில் கை வைத்தால் அரிசிக்கு வழியில்லை. லட்டைத் திருப்பிக் கொண்டு போக வெட்கமாக இருந்தது. அங்கேயே விட்டுவிட்டு வந்தார்.

நான்கு நாள் வாய் திறக்கவில்லை. வாயாடி மனிதர் வாயை மூடினால் வீடு சும்மா இருக்குமா? ஐந்தாம் நாள் சாப்பிட்டு முடித்துக் கை கழுவி வந்தவரை லோகேஸ்வரி மேசையிலேயே மறித்தாள்.

"என்னாங்க, பேங்குல என்னா சொன்னாங்க?"

சொன்னார். ஒன்றையும் குறைக்கவில்லை, நாற்பத்தேழாம் பக்கம்வரை சொன்னார். திட்டுவாள் என்று காத்திருந்தார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"எவ்வளவு நாளு இன்னும்?"

"ரெண்டு வருசம்."

"சரி. நா நாளைக்குப் போயி அந்த லெட்டரத் திரும்ப வாங்கிக்கிறேன்."

"வேணாம், லோகா."

"வேணாம்னா? காசு மரத்துலயா காய்க்குது? நிக்கிற வேலதானே. பத்தொம்பது வருசம் நின்னாச்சு, ரெண்டு வருசத்துல என்னா ஆயிரும்?" தட்டுகளை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனாள். ஒரே ஒரு படிதான் இறங்க வேண்டும். அதிலும் பக்கவாட்டில் இறங்கினாள். வெண்ணெய் திரண்டு வரும் நேரத்தில் தாழியை உடைத்தது தன் கைதான் என்று தனபாலனுக்கு அப்போது நன்றாகத் தெரிந்தது.

மறுநாள் காலையில் முதல் வேலையாக ரொஸ்லியின் அறைக்குப் போனார். நிமிர்த்திய நெஞ்சை இப்போது எங்கே வைப்பது என்று தெரியவில்லை. "அந்த ஒப்பந்தம் இன்னும் இருக்கா, என்ச்சே?" ரொஸ்லி காரணம் கேட்கவில்லை. ஆனால் இடத்தை வேறு ஒருவருக்குச் சொல்லியாகிவிட்டது, கேட்டுப் பார்க்கிறேன் என்றார். வீட்டில் லோகேஸ்வரியிடம், "லெட்டர இப்ப வாங்காத, கொஞ்சம் பொறு" என்று மட்டும் சொல்லி வைத்தார். "பொறுக்கறேன், பொறுக்கறேன். மார்ச் கடைசி வரைக்கும் பொறுக்கறேன்" என்றாள் அவள்.

நடுவில் இன்னொரு வேதனை. பதினோரு வருடமாகக் கேட் கேட்டாகப் போய்ப் புத்தி சொன்னாரே, அத்தனை பேரின் பணமும் கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தால்? பில்லைச் செருகிவிட்டுப் போகாமல் மணியடித்துக் கூப்பிட ஆரம்பித்தார். முதலில் மீன் உருண்டை போட்ட மீ நூடுல்ஸ் விற்கும் சீனர் ஆ கியோங்.

"கியோங், நான் ஒரு தப்பு சொல்லிட்டேன். கூடக் கட்டச் சொன்னேன்ல, அதுக்கு ஒரு கடுதாசி குடுக்கணுமாம்."

ஆ கியோங் பல் குத்திக்கொண்டே கேட்டார். "எத கூட?"

"வீட்டுக் கடன். மாசம் இரநூத்தம்பது."

"அண்ணே, உள்ளதக் கட்டவே நாக்குத் தள்ளுது. நீ சொன்னத நான் எப்பக் கேட்டேன்?"

இப்படியே இருபத்திரண்டு வீடு. பத்தொன்பது பேர் அவர் சொன்னதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. இரண்டு பேர் தலையாட்டியதோடு சரி. ஒரே ஒருவர் மட்டும், ஓய்வுபெற்ற டீச்சர் இந்திராணி, கேட்டு நடந்திருந்தார். "கடுதாசியா? அது அப்பவே குடுத்துட்டேனே. எனக்குப் போன வருசமே முடிஞ்சிருச்சு, தனபாலன். நீங்கதானே சொல்லிக் குடுத்தீங்க" என்று உள்ளே கூப்பிட்டு மைலோ கலக்கிக் கொடுத்தார். தனபாலன் அதைக் குடித்தார். தான் சொன்னது ஓர் இடத்திலாவது பலித்தது என்று சந்தோஷப்படுவதா, வெட்கப்படுவதா என்று விளங்கவில்லை.

மார்ச் கடைசி வாரம் ரொஸ்லி கூப்பிட்டார். இடம் இருக்கிறது, சம்பளம் முக்கால் பங்கு, பகுதி மட்டும் வேறு, மேட்டுப் பக்கத்துப் புதுத் தாமான் குடியிருப்பு, எல்லாம் ஏற்றம். தனபாலன் அங்கேயே கையெழுத்துப் போட்டார். ஒப்பந்தம் நான்கு பக்கம். நான்கையும் மூன்று முறை உரக்கப் படித்தார். ரொஸ்லி வெளியே போய் ஒரு சிகரெட் பிடித்துவிட்டு வந்தார்.

லோகேஸ்வரி நம்பவில்லை. "மேட்டுல ஏறப்போறீங்களாக்கும். அறுபது வயசுல. ஒரு மாசத்துல உக்காந்துருவீங்க, அப்புறம் நாந்தான் திரும்ப ஓடணும். அதுக்கு இப்பவே போயிர்றேனே" என்றாள். மாதக் கடைசி நாள் வேலைக்குப் போய்விட்டு, கூட வேலை பார்த்தவர்கள் கொடுத்த துவாலையும் கேக்குமாக வந்தாள். அவள் லெட்டரைத் திரும்ப வாங்கினாளா இல்லையா என்று கேட்கத் தனபாலனுக்குத் தைரியம் வரவில்லை. அவளும் சொல்லவில்லை.

ஏப்ரல் ஒன்றாம் தேதி, விடிவதற்குக் கொஞ்சம் முன்னால், வாசலில் தொழிற்சாலை வேன் வந்து இரண்டு தடவை ஹாரன் அடித்தது. லோகேஸ்வரி படுக்கையில் எழுந்து உட்கார்ந்தாள். காலைத் தரையில் ஊன்றி, முட்டியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, நிற்கப் பார்த்தாள். அதற்குள் தனபாலன் சட்டைப் பொத்தானைப் போட்டபடியே கதவைத் திறந்து, வெறுங்காலோடு கேட்டுக்கு வெளியே போய், வேனின் விளக்கு வெளிச்சத்தில் நடுரோட்டில் நின்று, போ, போ என்று இரண்டு கையையும் வீசிக்கொண்டிருந்தார்.