பேய் ஊரில் கூப்பிடுற குரல்

இன்னிக்கு எங்க தீவுல வண்டூர்லேர்ந்து போட்ல போனேன். என்னைத் தவிர எல்லாரும் மெயின்லேண்ட் டூரிஸ்டுங்க.

மரம் மூடிக் கிடந்த ஒரு கரையைக் காட்டி கைடு ஆரம்பிச்சான். "அதான் பூத் பஸ்தி, பேய் ஊரு. மனுஷ நடமாட்டமே கிடையாது. ஆனா பொழுது சாஞ்சா ஒரு பொம்பளை யாரையோ கூப்பிட்டுக்கிட்டே இருப்பா."

உடனே எல்லாரும் போனைத் தூக்கிட்டாங்க.

அது எங்க ஊரு. அறுபதுகள்ல காட்டை வெட்டி எங்களைக் குடிவச்ச செட்டில்மென்ட். பொழுது சாஞ்சா வீட்டுக்கு வீடு வாசல்ல நின்னு பிள்ளைங்களைப் பேர் சொல்லிக் கூப்பிடுவாங்க. பதில் வரலைன்னா ஊரே டார்ச்சோட காட்டுக்குள்ள ஓடும்.

ஒரு நாள் என் தம்பிகிட்டேர்ந்து பதில் வரல. ஊரே தேடியும் கிடைக்கல. அதுக்கப்புறமும் அம்மா தினம் வாசல்ல நின்னு கூப்பிட்டாங்க. கிணறெல்லாம் உப்பாகி ஊரைக் காலி பண்ணின அன்னிக்கும், போட்ல ஏறுற வரைக்கும் கூப்பிட்டாங்க.

"யாரைக் கூப்பிடும்?"னு பக்கத்துல இருந்த பொண்ணு கேட்டுச்சு.

"நின்னு கேட்டவன் யாரு மேடம்?"னு கைடு சிரிச்சான்.

"செல்வத்தை"ன்னு சொன்னேன்.

"அரே, சூப்பர் அங்கிள்! நாளைலேர்ந்து இதையும் சேர்த்துக்கிறேன்."



அந்தப் பக்கம் போறவங்க யாருக்காவது அந்தக் குரல் கேட்டா பயந்து ஓடாதீங்க. "தோ வர்றேம்மா"ன்னு ஒரு தடவை பதில் குடுத்துட்டுப் போங்க. அவங்க வீட்டுக்குள்ள போயிடுவாங்க.