மூலையில் எண்ணெய் பட்ட பக்கம்

எழுதத் தெரிந்தவர்கள் எழுதிய புத்தகங்களைத் துடைத்து அடுக்குவதுதான் என் வேலை. அப்படிப்பட்டவள் தானே எழுத உட்காருவது சரியில்லை என்று எனக்கே தெரிகிறது. பத்தாம் வகுப்போடு என் படிப்பு முடிந்தது. நாலு பேர் முன்னால் பேசச் சொன்னால் நாக்கு ஒட்டிக்கொள்ளும். எங்கள் நூலகர் மேடம் மாறுதலாகிப் போகும்போது, "புதுசா வேலைக்கு வார பிள்ளைகளுக்கு உதவும், உங்க அனுபவத்தை எழுதிக் கொடுங்க செல்வி" என்றார். மாட்டேன் என்று சொல்லவும் கூச்சமாக இருந்தது. தெளிவாகப் புரிந்த விஷயம் ஒன்றை எழுதலாம் என்று யோசித்துப் பார்த்தேன். அப்படி ஒன்றும் கிடைக்கவில்லை. அதனால் புரியாததை எழுதுகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதல் நாள் அடுக்கியது

தென்காசியில் ஒரு கிளை நூலகத்தில் தினக்கூலி உதவியாளராகச் சேர்ந்தேன். என் கணவர் இறந்த வருஷம் அது. முதல் நாள், மேஜை நிறையக் கிடந்த புத்தகங்களைக் காட்டி மேடம் சொன்னார்: "ஒரே மாதிரி புக்கையெல்லாம் ஒண்ணா வைங்க. நம்பர் போடுறத பிறகு சொல்லித் தாரேன்."

ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தேன். மலை பங்களாவில் விருந்துக்கு வந்தவர் காபியில் யாரோ வைத்த விஷத்தால் சாகிற கதை ஒன்று. சாவு வீட்டில் என்னென்ன செய்ய வேண்டும் என்று சொல்லும் சடங்குப் புத்தகம் ஒன்று. நோயாளிகளின் கடைசி நாட்களைப் பற்றி ஒரு டாக்டர் எழுதியது ஒன்று. ஒப்பாரிப் பாட்டுத் தொகுப்பு ஒன்று. எல்லாவற்றிலும் யாரோ சாகிறார்கள். எனவே எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைத்தேன்.

மேடம் வந்து பார்த்துவிட்டுச் சிரித்தார்.

"என்ன செல்வி, இந்த ஷெல்ப்ல எங்க கைய வச்சாலும் ஒரு பிணம் விழுது?"

பிறகு பொறுமையாகச் சொல்லிக் கொடுத்தார். நூலக எண்முறையில் கொலைக் கதை எண்ணூறு வரிசை. சடங்கு முந்நூறு. டாக்டர் எழுதியது அறுநூறு. ஒப்பாரியை எங்கே வைப்பது என்று அவரே கொஞ்சம் யோசித்தார். மூன்று அலமாரிக்கும் நடுவே எவ்வளவு தூரம் என்று அன்றைக்கு நடந்து பார்த்துத் தெரிந்துகொண்டேன். ஏன் அவ்வளவு தூரம் என்று கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை.

பென்சிலில் எழுதியவர்

கொலை நாவல்களில் ஒரு தொந்தரவு உண்டு. முதல் பக்கத்திலேயே யாரோ ஒரு வாசகர் பென்சிலால் "கொன்றது மேனேஜர்" என்று எழுதிவிடுவார். சிலவற்றில் "தங்கச்சி புருஷன்தான், நம்பாதே" என்று இருக்கும். இத்தனை வருஷத்தில் அது யார் என்று கண்டுபிடிக்க முடியவில்லை. திரும்பி வரும் நாவல்களை எல்லாம் திறந்து பார்த்து ரப்பரால் அழிப்பது என் வேலைகளில் ஒன்று. மெத்தென்ற ரப்பராக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் தாள் கிழியும்.

நான் அழிப்பது முக்கியமாகக் கோமதி அக்காவுக்காக. மேலகரத்தில் வீடு. அறுபது வயதுக்குப் பக்கம். பிள்ளைகள் இல்லை. வாரம் இரண்டு நாவல் எடுப்பார். "ஏட்டி செல்வி, கொலை இருக்கணும். ரத்தம் இருக்கக் கூடாது. போலீஸ்காரன் ரொம்பப் பேசக் கூடாது" என்பார். எடுத்த கையோடு கேட்பார்: "இதுல எழுதியிருந்ததா?"

"இருந்தது அக்கா. அழிச்சிட்டேன்."

"நீ பாத்தியா?"

"பாத்தேன்."

"சொல்லிராத."

அவர் கணவரை நாங்கள் அண்ணாச்சி என்போம். குற்றாலத்தில், மெயின் அருவிக்குப் போகிற வழியில் நேந்திரங்காய் சிப்ஸ் கடை. சீசன் நேரத்தில் அக்காவின் புத்தகங்களைக் கொண்டுவந்து மாற்றிப் போகிறவர் அவர்தான். படிக்க மாட்டார். ஆனாலும் அவர் கொண்டுவரும் புத்தகத்தின் அட்டையில் தேங்காய் எண்ணெய்க் கட்டைவிரல் ஒன்று பதிந்திருக்கும். முகப்பவுடரைத் தூவி வைத்தால் எண்ணெய் பாதி போகும். மீதி போகாது.

வீட்டுக்குள் வராத புத்தகம்

முந்நூறு வரிசையில் இருந்த அந்தச் சடங்குப் புத்தகத்தை யாரும் சும்மா எடுப்பதில்லை. சாவு விழுந்த வீட்டிலிருந்து யாராவது வந்து வாங்கிப் போவார்கள். பதினாறாம் நாள் காரியம் முடிவதற்குள் திருப்பித் தந்துவிடுவார்கள். என் கையில் தர மாட்டார்கள். மேஜையில் வைத்துவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டு போவார்கள். சாவு இல்லாத வீட்டில் அது இருந்தால் சாவைக் கூப்பிடுமாம்.

ஆனால் நாலு பேரைக் கொல்கிற நாவலைத் தலையணைக்கு அடியில் வைத்துத் தூங்குகிறார்கள். அதில் ஒன்றும் வருவதில்லை. இது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

போன சீசனில் ஒரு நாள், சாரல் விழுந்துகொண்டிருந்தபோது அண்ணாச்சி வந்தார். அக்காவுக்கு ஒரு நாவல் எடுத்துக்கொண்டார். பிறகு முந்நூறு வரிசைக்குப் போய், அந்தப் புத்தகத்தையும் எடுத்துவந்து நாவலுக்கு அடியில் வைத்தார்.

"அண்ணாச்சி, யாரும் தவறிட்டாங்களா?"

"இல்ல தாயி. சும்மாதான்."

கோமதி அக்காவுக்குக் கர்ப்பப்பையில் கட்டி என்பதும், திருநெல்வேலியில் ஆபரேஷனுக்குத் தேதி வாங்கியிருப்பதும் எனக்குத் தெரியும். முன்பு வாங்கிய தேதியைச் சீசனைக் காரணம் சொல்லி அக்காவே தள்ளிப்போட்டிருந்தார். இனித் தள்ளக் கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். இதெல்லாம் தெரிந்த நான் அந்தப் புத்தகத்தைப் பதிந்து கொடுப்பதா, கூடாதா? கொடுக்கக் கூடாது என்று விதி எதுவும் இல்லை. மேடமைப் பார்த்தேன். அவர் போனில் இருந்தார். பதிந்து கொடுத்துவிட்டேன்.

விசாரணை

அக்கா ஆஸ்பத்திரியில் சேர வேண்டிய நாள் வந்தது. சாயங்காலத்துக்குள் சேர வேண்டும், மறுநாள் காலையில் ஆபரேஷன். அன்று நூலகம் திறந்த கொஞ்ச நேரத்தில் வாசலில் ஒரு ஆட்டோ வந்து நின்றது. அக்கா இறங்கினார். கையில் செய்தித்தாளில் சுற்றிய பொட்டலம். மேஜையில் போட்டார்.

"ஏட்டி, இத நீதான் குடுத்தியா?"

நான் எழுந்து நின்றேன். தலையை மட்டும் ஆட்டினேன்.

"சிப்ஸ் கவருக்குள்ள ஒளிச்சு வச்சிருந்தாரு. நான் வீட்டுக்குள்ள வைக்கல, கேட்டியா. ராத்திரி பூரா மோட்டார் ரூம்ல கெடந்துச்சு."

மேடம் எழுந்து வந்தார். "பயப்படாதீங்கம்மா. புக்குல என்ன இருக்கு. யார் வேணாலும் படிக்கலாம்."

"பயமா? எனக்கென்ன பயம். நானே படிச்சிட்டேன்லா."

"வீட்டுக்குள்ள வைக்கலன்னீங்க?"

"மோட்டார் ரூம்ல நின்னு படிச்சேன்."

பேப்பர் படித்துக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் பக்கத்தைத் திருப்புவதை நிறுத்திவிட்டார்.

அக்கா புத்தகத்தைத் திறந்தார். "இங்கன பாருங்க. புருஷன் செத்தா பொண்டாட்டி என்ன செய்யணும்னு இருபது பக்கம். எந்த நாள் என்ன கட்டணும், எதக் கழட்டணும், எங்க உக்காரணும், யாரு முகத்துல முழிக்கக் கூடாது, எல்லாம் இருக்கு."

நான் அந்த இருபது பக்கத்தைப் படித்ததில்லை. எனக்குப் படிக்க வேண்டியிருக்கவில்லை.

"இப்ப இதப் பாருங்க. பொண்டாட்டி செத்தா புருஷன் என்ன செய்யணும். அரைப் பக்கம். குளிக்கணும், சவரம் பண்ணணும். மீதியெல்லாம், மறுபடி எப்பக் கல்யாணம் முடிக்கலாம்னு இருக்கு."

மேடம் வாங்கிப் பார்த்தார். உண்மைதான்.

"மத்த பக்கத்துல எங்கயாவது எண்ணெய் இருக்கா பாருங்க. கெடையாது. இந்த ஒரு பக்கம் மட்டும் கண்ணாடி மாதிரி ஆயிட்டு. திரும்பத் திரும்ப இதத்தான் படிச்சிருக்காரு. அறுபத்தி மூணு வயசுல மாப்பிள்ளையாவப் போறாரு."

எனக்குச் சிரிப்பு வந்தது. அழுகையும் வந்தது. எது முதலில் வந்தது என்று தெரியவில்லை. அக்கா நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

"நான் ஆபரேஷனுக்குப் போகல. இருந்து பாக்கேன், எப்படிக் கட்டுதாருன்னு."

மேடம் எவ்வளவோ சொன்னார். டாக்டர் சொன்னதை ஞாபகப்படுத்தினார். அக்கா அசையவில்லை. நானும் ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். தண்ணீர் கொண்டுவந்து வைத்தேன். அதுதான் முடிந்தது.

ஒட்டியிருந்த தாள்

கொஞ்ச நேரத்தில் அண்ணாச்சி குடையும் ஆஸ்பத்திரிப் பையுமாக வந்துவிட்டார். வீட்டில் தேடியிருக்கிறார். மேஜையில் விரிந்து கிடந்த புத்தகத்தைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"ஏட்டி, பஸ்ஸுக்கு நேரமாவுது."

"நீங்க போங்க. பொண்ணு பாத்துட்டு வாங்க."

"என்ன பேச்சு பேசுத?"

"எத்தன தடவ படிச்சிய இந்தப் பக்கத்த? உண்மையச் சொல்லுங்க."

"ஒரு தடவதான் படிச்சேன்."

"அப்பம் இது என்ன?" என்று அக்கா எண்ணெய்க் கறையில் விரலை வைத்தார்.

அண்ணாச்சி குடையை மடக்கிச் சுவரில் சாய்த்தார். அது சரிந்து விழுந்தது. எடுக்கவில்லை.

"அரைப் பக்கத்தோட முடிஞ்சிரும்னு யாரு கண்டா. அடுத்த தாளு ஒட்டிக்கிட்டிருக்குன்னு நெனச்சேன். பிரிக்கப் பாத்தேன்."

அக்கா பக்கத்தை ஜன்னல் வெளிச்சத்துக்குத் தூக்கிப் பிடித்தார். நானும் பார்த்தேன். எழுத்து இருந்த இடத்தில் கறை இல்லை. கீழ் மூலையில்தான் இருந்தது. தாளின் இரண்டு பக்கமும் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் தேய்த்துத் தேய்த்து, மூலை பஞ்சு மாதிரி எழும்பியிருந்தது. ஒட்டியிருக்கிற தாளைப் பிரிக்க நாம் எல்லாரும் அப்படித்தான் தேய்ப்போம். கல்யாண வரிகள் மேலே, பக்கத்தின் நடுவில் இருந்தன. அவற்றின் மேல் ஒரு விரலும் பட்டிருக்கவில்லை.

அக்கா வெகுநேரம் பார்த்தார். பிறகு, வேறு குரலில் கேட்டார்.

"என்ன இருக்கும்னு தேடுனிய?"

"நீ இல்லன்னா நான் என்ன செய்யணும்னு. ஒண்ணும் தெரியாம நிக்கக் கூடாதுல்லா."

"நான் சாவேன்னு முடிவே பண்ணியாச்சு."

"முடிவு பண்ணல. தெரியல. அதாம் பாத்தேன்."

"நான் கடைசிப் பக்கத்த மொதல்ல பாக்குற ஆளுவளோட பேசவே மாட்டேன், தெரியும்லா?"

"தெரியும். ஆனா இதுல கடைசிப் பக்கமே இல்லியே."

பேப்பர் பெரியவர் இருமினார். அக்கா புத்தகத்தை மூடி என் பக்கம் தள்ளினார். எழுந்து, விழுந்து கிடந்த குடையை எடுத்தார்.

"செய்யதுக்கு என்ன இருக்கு. நான் போய்ட்டா, லைப்ரரி புஸ்தகத்த மறக்காமக் கொண்டாந்து குடுத்திருங்க. அம்புட்டுதான்."

"சரி."

"பையில அந்த நாவல வச்சியளா?"

"வச்சிருக்கேன். பாதியில மடக்கியிருந்த எடம் அப்படியே இருக்கு."

"மடக்காதியன்னு செல்வி எத்தன தடவ சொல்லிருக்கா," என்று அவரையே அக்கா திட்டிக்கொண்டு படியிறங்கினார். மடக்குவது எப்போதும் அக்காதான். அது எனக்கும் தெரியும், அண்ணாச்சிக்கும் தெரியும். அவர் பையைத் தூக்கிக்கொண்டு பின்னால் போனார்.

அக்கா அவரை மன்னித்துவிட்டுப் போனாரா, கோபத்தோடுதான் போனாரா என்று மேடமிடம் கேட்டேன். "எனக்கும் விளங்கல செல்வி" என்றார்.

பாடம்

முடிவில் கற்ற பாடம் ஒன்று எழுத வேண்டும் என்று மேடம் சொல்லியிருக்கிறார். எடுக்கிற புத்தகத்தை ஏன் எடுக்கிறீர்கள் என்று வாசகரிடம் கேட்காதீர்கள். கேட்டாலும் சும்மாதான் என்பார்கள். எண்ணெய்க் கறைக்கு உடனே பவுடர் போடுங்கள். பென்சிலை மெத்தென்ற ரப்பரால் அழியுங்கள். இவை எனக்கு உறுதியாகத் தெரியும்.

அந்த மூலைக்கும் பவுடர் போட்டேன். எழும்பிய தாளை அமுக்கி வைத்தேன். சில மாதம் கழித்து, மனைவியை இழந்த ஒருவர் அந்தப் புத்தகத்தை இங்கேயே உட்கார்ந்து படித்தார். அந்தப் பக்கம் வந்ததும் அதே மூலையைத் தேய்த்துப் பார்த்தார். போய் அடுத்த பக்கம் இல்லை என்று சொல்லலாமா என்று நினைத்தேன். சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டுமா என்று இப்போதும் தெரியவில்லை.

அக்கா வந்து போனதற்கு மறுநாள் மழை இல்லை. திரும்பி வந்த நாவல்களில் மூன்றில் பென்சில் இருந்தது, அழித்தேன். மத்தியானம் அண்ணாச்சி போன் செய்தார். ஆபரேஷன் முடிந்துவிட்டதாம். நாவலின் தவணை நாளையோடு முடிகிறது, ரெனியூவல் போட்டு வைக்கும்படி அக்கா சொல்லச் சொன்னாராம். போட்டேன்.