துரு பழுக்கக் காத்திருப்பவர்

"ஒதுங்குங்க ஐயா, ஒரே நிமிஷம். அந்த வண்டியையும் கொஞ்சம் தள்ளிக்கங்க."

பைஜாமாவுக்கு மேல் மழைக்கோட்டு, காலில் குளியலறைச் செருப்பு, முன்னால் முக்காலியில் கேமரா. இரவெல்லாம் ஆடித் தீர்த்த புயல் விடியலில் ஓய்ந்திருக்கிறது. நவம்பரில் வருகிற இந்தப் புயலுக்கு அலெக்ஸாந்திரியாக்காரர்கள் 'துடைப்பம்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஊரே போர்வைக்குள் சுருண்டு கிடக்கும் அந்த நேரத்தில்தான் ஓவியர் சுப்ஹி வேலைக்குக் கிளம்புவார். தெருவெல்லாம் தண்ணீர் நிற்க வேண்டும், அதில் கட்டடங்கள் தலைகீழாகத் தெரிய வேண்டும், குறுக்கே ஒரு ஈ காக்காய் இருக்கக் கூடாது.

ஃபலாஃபல் கடை பஸ்யூனி எண்ணெய்ச் சட்டியிலிருந்து தலையைத் தூக்காமலே கேட்பார். "இன்னிக்கு யாருக்குப் போட்டோ உஸ்தாஸ்? குட்டைத் தண்ணிக்கா, குப்பைத் தொட்டிக்கா?"

"அதுங்க ரெண்டும் ஒழுங்கா நிக்குது. உன் புகைதான் அலைஞ்சு உயிரை வாங்குது."

போட்டோ எடுப்பது வேலையின் தொடக்கம்தான். அதைப் பார்த்து அவர் வரைந்து முடிக்க ஒரு பிள்ளையைச் சுமந்து பெறுகிற காலம் ஆகும். முடித்தபிறகு பார்ப்பவர்கள் அதையும் போட்டோ என்றுதான் நினைப்பார்கள். கண்காட்சியில் ஒருவர் வெகுநேரம் மூக்கை ஒட்டிவைத்துப் பார்த்துவிட்டு, "என்ன கேமரா?" என்று கேட்டார். "ஒரு கிழட்டுக் கண்ணும் ஒரு அணில்வால் தூரிகையும்" என்று சொல்லிவிட்டு சுப்ஹி டீ குடிக்கப் போய்விட்டார்.

இளமையில் அவர் வரைந்ததெல்லாம் முகம்தான். சினிமாக் கொட்டகைகளுக்குப் பேனர் வரைந்தார். கதாநாயகியின் ஒரு கண்ணே ஓர் ஆள் உயரம் இருக்கும். அந்த வேலையில் அவருக்கு நல்ல பெயர் இருந்தது. ஆனால் தயாரிப்பாளர்கள் விடவில்லை. மூக்கைச் சின்னதாகப் போடு, தொப்பையை எடு, அவளைவிட இவள் தலை பெரிதாக இருக்கட்டும் என்று ஏணிக்குக் கீழே நின்று கத்துவார்கள். ஒருநாள் ஒரு நடிகரின் இரட்டைத் தாடையை அப்படியே வரைந்து வைத்துவிட்டு ஏணியை விட்டு இறங்கினவர்தான், அப்புறம் ஏறவில்லை. "கட்டடம் 'என் மூக்கைச் சின்னதா போடு'ன்னு கேக்காதுல்ல?" என்பார். அதோடு மனித முகம் அவர் தூரிகையை விட்டுப் போய்விட்டது.

கான்வாஸில் பென்சிலால் கட்டம் கட்டமாகக் கோடு இழுப்பார். பெரிதாக்கிய போட்டோவிலும் அதே கட்டங்கள். இரண்டையும் தலைகீழாக மாட்டுவார். ஒரு கட்டத்தின் அளவுக்கு ஓட்டை வெட்டிய அட்டையால் மற்றதையெல்லாம் மூடிவிடுவார். இது ஜன்னல் என்று தெரிந்துவிட்டால் கை தனக்குப் பழக்கமான ஜன்னலைப் போட்டுவிடுமாம். என்னவென்றே தெரியாமல் வரைந்தால்தான் உள்ளது உள்ளபடி வருமாம். பச்சையும் பழுப்பும் ஊதாவுமாக ஏதோ சில திட்டுகளை நாள் முழுக்க நிரப்பிவிட்டு எழுந்திருப்பார்.

சேர்க்க மாட்டார், எடுக்கவும் மாட்டார். கசாப்புக்கடைக்காரர் தன் புதுப் பெயர்ப்பலகையைப் படத்தில் வைக்கச் சொல்லி ஈரலும் கையுமாக வந்தபோது, "போட்டோவுல இல்ல" என்று அனுப்பிவிட்டார். தன் உள்பாவாடை காயும் படம் துபாயில் ஒரு வங்கியில் தொங்குகிறது என்று கேள்விப்பட்டு ஒரு பெண்மணி சண்டைக்கு வந்தாள். அவளுக்கும் பதில் சுருக்கம்தான்: "போட்டோவுல இருந்துச்சு."

அவர் மனைவி தவ்லத்துக்கு இந்தச் சட்டமெல்லாம் மனப்பாடம். தொலைபேசி நிலையத்தில் வேலை பார்த்து, அந்தச் சம்பளத்தில் வண்ணமும் துணியும் வாங்கிக் கொடுத்து, இப்போது ஓய்வில் இருப்பவள். அவள் ஆசைப்பட்டது ஒன்றே ஒன்றுக்குத்தான்.

"யா சுப்ஹி, ஊர்ல இருக்கற தெருவையெல்லாம் வரைஞ்சிட்ட. ஒண்ணுலயாவது என்னை ஒரு ஓரமா நிக்க வையேன்."

"நீ போட்டோவுல இல்லையே."

"அப்ப, இருக்கற மாதிரி எடு."

"நீ சிரிப்ப, தலையைக் கோதுவ. தெரு கெட்டுப்போயிடும்."

கல்யாணமான புதிதில் விளையாட்டாகத்தான் கேட்டாள். மகள் நிஹால் கல்யாணமாகி மன்சூராவுக்குப் போனபின் அது விளையாட்டாக இல்லை. பால்கனிக் கம்பியின் துருவில் அவர் ஏழெட்டு நிறம் பிரித்துச் சொல்வார். அவள் தலைக்கு மருதாணி போட்டு ஒரு வாரம் கழித்துத்தான், "ஏதோ வாசனையா இருக்கே" என்பார். படத்தில் வந்து ஊராருக்குக் காட்ட வேண்டும் என்றெல்லாம் அவளுக்கு இல்லை. அந்தத் துருவைப் பார்க்கிற கண்ணால் இந்த மனுஷன் தன்னை ஒரு தடவை பார்க்க வேண்டும். அதற்காக அவள் உள்ளுக்குள் ஏங்கிப்போயிருந்தாள்.

எல்லாத் தெருவையும் வரைந்தவர் இப்ராஹிமிய்யாவில் தாம் குடியிருக்கும் கட்டடத்தை மட்டும் விட்டுவைத்திருந்தார். கேட்டால், "துரு இன்னும் பழுக்கல" என்பார். போன வருஷம் பழுத்துவிட்டது. துடைப்பம் அடித்து ஓய்ந்த விடியலில் அவர் முக்காலியோடு எதிர்ச்சாரிக்குப் போனதைப் பார்த்ததும் தவ்லத் அலமாரியைத் திறந்தாள். நிஹால் கல்யாணத்துக்குத் தைத்த கருஞ்சிவப்பு உடுப்பை மாட்டினாள். உதட்டுக்குச் சாயம் பூசினாள். கடைக்காரரிடம் ரொட்டி வாங்கக் கயிற்றில் கூடை இறக்குகிற சாக்கில் மூன்றாம் மாடிப் பால்கனியில் வந்து நின்றாள்.

மங்கல் வெளிச்சத்தில் அந்தக் கேமரா வெகுநேரம் கண் திறந்திருக்கும். அதற்குள் அசைந்தவர்கள் காற்றாய்ப் போய்விடுவார்கள் என்று அவளுக்குத் தெரியும். கம்பியைப் பிடித்துக்கொண்டு மூச்சுகூட விடாமல் நின்றாள். சுப்ஹி நிமிர்ந்து நேராக அவள் பக்கம் பார்த்தார். பார்த்துவிட்டார் என்றே அவள் நினைத்தாள். உண்மையில் அவர் பார்த்தது மாடிக்கு மேலே இருந்த மேகத்தை. அந்த நேரம் பார்த்து பஸ்யூனி கீழேயிருந்து, நிஹாலின் அம்மா என்று மகள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்.

"உம்மு நிஹால்! என்ன, விடியக்காலையிலயே மாப்ள வீட்டுக்காரங்க வர்றாங்களா?"

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கையால் வாயைப் பொத்திக்கொண்டு குனிந்தாள்.

பால்கனியில் நின்றதை அவள் அவரிடம் சொல்லவில்லை. குளிர்காலம் போயிற்று. தினமும் டீ கொண்டுபோய் வைக்கும்போது அட்டையின் ஓட்டை எங்கே நிற்கிறது என்று கவனிப்பாள். தலைகீழ்த் தெருவும் தலைகீழ்க் கடைகளும் முடிந்து, முதல் மாடி வந்தது. இரண்டாம் மாடிக்கு வந்தபோது அவளுக்குச் சோறு இறங்கவில்லை. தன் கட்டம் வரும்போது அவர் கை நிற்கும், திரும்பிப் பார்ப்பார், என்ன சொல்வார் என்று அவளாகவே நூறு விதமாகப் பேசிப் பார்த்துக்கொண்டாள்.

அந்தக் கட்டம் ஒரு புதன்கிழமை வந்தது. அவர் கை நிற்கவே இல்லை. மற்றக் கட்டங்களைப் போலவே சாயங்காலத்துக்குள் முடித்துவிட்டுக் கை கழுவப் போனார். தவ்லத் குனிந்து, தலையைச் சாய்த்துப் பார்த்தாள். பால்கனிக் கம்பி அச்சாக இருந்தது. அதன் பின்னால் கருஞ்சிவப்பில் ஒரு தீற்றல்.

"இது என்ன, சுப்ஹி?"

அவர் துண்டால் கையைத் துடைத்துக்கொண்டே வந்து எட்டிப் பார்த்தார். "யாரோ விரிப்பை உதறியிருக்காங்க. நல்லா வந்திருக்குல்ல?"

"நம்ம பால்கனியில யாருய்யா வந்து விரிப்பை உதறுவா?"

அவர் போட்டோவைக் கழற்றி நேராக்கினார். பூதக்கண்ணாடியை எடுத்தார். அதற்குள் அவள் அழுதுவிட்டாள்.

"அது நான். உன் சட்டம் தெரிஞ்சுதான் போய் நின்னேன். போட்டோவுல இருந்தா வரைஞ்சே ஆகணும்ல? துருவுக்கு ஏழு நிறம் கண்டுபிடிச்சியே, என்னைப் பார்த்தா உனக்கு விரிப்பாவா தெரியுது?"

சுப்ஹி பூதக்கண்ணாடியைக் கீழே வைத்தார். இரவு வெகுநேரம் கழித்து அவர் அறையிலிருந்து சுரண்டும் சத்தம் கேட்டது. காலையில் அவள் பார்த்தபோது அந்தக் கட்டம் மட்டும் வெறும் வெள்ளைத் துணியாக இருந்தது. தன் ஆயுளில் அவர் ஒரு கட்டத்தை அழித்தது அதுதான் முதல் தடவை.

மற்றதெல்லாம் முடிந்துவிட்டது. கோடைகாலம் வந்தும் அந்த ஒரு கட்டம் நிரம்பவில்லை. பேனர் காலத்தில் ஓர் ஆள் உயரக் கண்ணை ஒரு பொழுதில் முடித்த மனிதர், விரல்நகம் அளவு முகத்துக்கு முன்னால் தூரிகையைத் தோய்ப்பதும் துடைப்பதுமாக உட்கார்ந்திருந்தார். கெய்ரோவிலிருந்து ஓவியக்கூடத்துக்காரர் ஹாதிம் வந்து பார்த்தார்.

"இதுக்கா இவ்வளவு தாமதம் உஸ்தாஸ்? ரெண்டு ஜன்னல் கதவைப் போட்டு மூடிடுங்க. அந்த மூலையில என்ன இருக்குன்னு யாரு பார்க்கப் போறா?"

தட்டில் தர்பூசணி கொண்டுவந்த தவ்லத் அதைக் கேட்டாள். தட்டை வைத்துவிட்டு, துவைத்த துணிக் கூடையை எடுத்துக்கொண்டு பால்கனிக்குப் போய்விட்டாள். ஒவ்வொரு துணியாக உதறிக் கொடியில் போட்டாள். மனசு விட்டுப்போயிருந்தது. இனிமேல் கேட்கக்கூடாது என்று முடிவு செய்துகொண்டாள்.

"தவ்லத்!"

குரல் கீழேயிருந்து வந்தது. உச்சி வெயிலில், கடைகள் எல்லாம் திறந்து, வண்டிகள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு நிற்கும் நேரம். அவர் தெருவுக்கே இறங்காத நேரம். எதிர்ச்சாரியில் சுப்ஹி நின்றுகொண்டிருந்தார். இடித்துக்கொண்டு போனவர்களைக்கூட அவர் கவனிக்கவில்லை.

"என்ன யா சுப்ஹி? ஹாதிமை உட்கார வெச்சிட்டு அங்க என்ன பண்ற?"

"அங்கயே இரு. உள்ள போகாத."

அவள் ஈரக் கையால் தலைமுடியை ஒதுக்கினாள். "வீட்டு உடுப்புல இருக்கேன். தலைகூட வாரல. இரு, மாத்திட்டு வந்துடறேன்."

"வேணாம். துணியைக் காயப்போடு. நீ நகர்ந்தாலும் பரவாயில்ல."

"கேமராவை மறந்துட்டு வந்துட்டீங்களே உஸ்தாஸ்!" என்று பஸ்யூனி கடையிலிருந்து கத்தினார்.

சுப்ஹி காதில் வாங்கவில்லை. வெயிலில் கண் கூசியது. வலது கையை நெற்றிக்கு மேல் குடையாகப் பிடித்துக்கொண்டு, மூன்றாம் மாடியைப் பார்த்தபடி நின்றார்.