கேட்டைத் தாண்டிய பலாக்கொட்டை

என் தம்பி மகள் ஆவணப்படம் எடுக்கிறாள். மனிதருக்கும் இயற்கைக்கும் உள்ள உறவு பற்றிய படம். நான் நில அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். அந்த உறவு மூன்று பிரதிகளில் கையெழுத்தாவதைத்தான் பார்த்திருக்கிறேன். ஆகவே அனுமதி வாங்கும் வேலை என் தலையில் விழுந்தது.

அவள் தேர்ந்தெடுத்தது ஈப்போவில், புந்தோங்கில் குடியிருக்கும் ஓர் அக்காவை. சித்தியவான் பக்கத்துத் தோட்டமொன்றில் பால் வெட்டியவர். அங்கே ரப்பர் போய்ச் செம்பனை வந்துவிட்டது; தொழிலாளர் குடியிருந்த லயங்களையும் இடித்துவிட்டார்கள். அக்கா தன் வீட்டு வாசலில் வைத்த பலாமரம் மட்டும் நிற்கிறது. அடுத்த மாதம் அதையும் சாய்க்கப் போகிறார்கள். அதற்குள் அதன் கொட்டை தன் கைக்கு வர வேண்டும், வந்தால்தான் பேசுவேன் என்றார்.

தோட்ட நிர்வாகம் தந்த கடிதத்தில் படம் பிடிக்கலாம், எதையும் வெளியே கொண்டுபோகக் கூடாது என்றிருந்தது. அதை அக்காவிடம் சொன்னேன். “சரி தம்பி” என்றார். ஒப்புக்கொண்டதாக நினைத்தேன்.

மரத்தடியில் தம்பி மகள் கேமராவை நிறுத்தினாள். “ஆன்ட்டி, மரத்த மெதுவா தொட்டு, மனசுல தோணுறத சொல்லுங்க.”

அக்கா பழத்தைத் தட்டிப் பார்த்தார். “பழுத்துருச்சு. மொதல்ல இத எறக்கு.”

இறக்கினோம். கேட்டில் காவலுக்கு இருந்த ஜாகா மறித்தார்.

“பழம் போகாது லா அண்ணே. மேனேஜர் பாத்தா என் வேலை போயிரும்.”

“நான் வெச்ச மரம்யா” என்றார் அக்கா.

“மரம் நீங்க வெச்சது அக்கா. நெலம் அவங்களோடது.”

சட்டப்படி அது சரி. என் அலுவலகத்தில் இருந்திருந்தால் இவருக்குப் பதவி உயர்வு கிடைத்திருக்கும்.

“வெளிய கொண்டுபோகத்தானே கூடாது? இங்கயே தின்னலாமே” என்றேன்.

ஜாகாவே பாராங் கத்தியைக் கொண்டுவந்தார். கையில் தடவ எண்ணெய் இல்லை. தம்பி மகளின் விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன. கேமராவைத் தொட முடியவில்லை.

“பால் வெட்டுன கைக்கு இதெல்லாம் ஒரு பாலா?” என்று அக்கா சிரித்தார்.

அதிகம் தின்றவர் ஜாகாதான். இருந்தும் கடைசியில், அக்கா கொட்டைகளைப் போட்டிருந்த பையை எட்டிப் பார்த்தார். “அண்ணே, கொட்ட இருக்கே…”

கடிதத்தின் கடைசி நிபந்தனையைக் காட்டினேன். படக்குழு தன் குப்பையைத் தானே அள்ளிச் செல்ல வேண்டும்.

“கொட்ட குப்பையாண்ணே?”

“பின்ன என்ன, நகையா?”

ஒருமுறை வாசித்தார். மறுபடியும் வாசித்துவிட்டுத் தடுப்புக் கம்பைத் தூக்கினார்.

பையை மடியில் வைத்துக்கொண்டு ஈப்போ வரை அக்கா பேசினார். கொசு, அட்டை, பாம்பு, மழையில் கெட்டுப்போன பால். இயற்கையைப் பற்றி நல்லதாக ஒரு வார்த்தை சொல்லவில்லை. தம்பி மகள் ஈரத்துணியால் விரல்களைத் துடைத்துத் துடைத்து எல்லாவற்றையும் பதிவு செய்தாள்.

பலாக்கொட்டை காய்ந்தால் முளைக்காது. அக்கா வீட்டைச் சுற்றியோ முழுக்க சிமெண்டு. அன்று மாலையே சிலிபினில் என் வீட்டுப் பின்சந்துக்குப் போனோம். அந்த இடம் மாநகர் மன்றத்துக்குச் சொந்தம். அங்கே மரம் வைக்க எந்த விண்ணப்பப் பாரத்தை யாரிடம் கொடுக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும்.

அக்கா குழி தோண்டினார். நான் தண்ணீர் ஊற்றினேன்.