அறைக்குள்ளேயே போன வேலை

நான் கடலுக்கு அக்கரையில், மாக் மண்டினில் ஓர் இரும்புத் தொழிற்சாலையில் வேலை பார்த்தவன். காலையில் பெர்ரி ஏறிப் போய், சாயங்காலம் கையெல்லாம் எண்ணெய்க் கறையோடு திரும்புவேன். என் மகனோ சுங்கை பினாங்கில் எங்கள் ஃபிளாட்டின் பின்னறையில் உட்கார்ந்து, ஆஸ்திரேலியாவில் உள்ள ஒரு கம்பெனிக்கு வேலை செய்தான். முதலாளியை அவன் நேரில் பார்த்ததே இல்லை. பையன் சும்மாதான் இருக்கிறானா என்று பக்கத்து வீட்டு அக்கா கேட்டபோது, என் மனைவிக்கு இல்லை என்று சொல்லத் தெரிந்ததே தவிர, விளக்கத் தெரியவில்லை.

ஒரு நாள் மத்தியானம் சாப்பிட்ட தட்டைக் கழுவி வைத்துவிட்டுச் சொன்னான்:

"வேலை போச்சுப்பா. போன வாரமே போயிருச்சு."

அந்த வாரம் முழுக்க அவன் காலையில் அறைக்குள் போய்ச் சாயங்காலம்தான் வெளியே வந்தான். அவன் வேலை செய்கிறான் என்று நானும் டிவி சத்தத்தைக் குறைத்தே வைத்திருந்தேன்.

"உள்ள என்னடா செஞ்ச?"

"உக்காந்திருந்தேன்."

கம்ப்யூட்டரைத் திறந்தபோது அவன் பாஸ்வேர்டை அது ஏற்கவில்லையாம். அப்புறம் ஒரு மெயில் வந்ததாம். அவ்வளவுதான்.

எங்கள் தொழிற்சாலையை மூடியபோது, லாக்கரில் கிடந்த பூட்ஸையும் டிபன் டப்பாவையும் பிளாஸ்டிக் பையில் போட்டுக்கொண்டு எல்லாரும் சேர்ந்து வெளியே வந்தோம். மேனேஜரை வாய்க்கு வந்தபடி ஏசினோம். அக்கம்பக்கத்தார் வந்து விசாரித்தார்கள். இவனுக்காக யாரிடம் போய்ச் சண்டை போடுவது? அந்த முதலாளிக்கு நான் போன் போட்டுப் பேசட்டுமா என்று கேட்டேவிட்டேன். சிரிக்கத் தொடங்கியவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

என்ன செய்வதென்று தெரியாமல் மோட்டார் சைக்கிள் சாவியை எடுத்தேன். சூலியா தெருவில் ஒரு கடையில் இருவரும் தே தாரிக் டீ குடித்தோம். உன் வேலைதான் என்ன என்று கேட்டேன். பொறுமையாக விளக்கினான். எனக்குப் பாதி புரிந்தது. புரிந்த பாதியும் சரிதானா என்று தெரியவில்லை.

தீபாவளிக்குப் பிறகு அவனுக்கு வேறு வேலை கிடைத்தது. அதுவும் வீட்டிலிருந்தேதான். கோயிலில் ஓர் அர்ச்சனை செய்ய வேண்டும் என்றாள் மனைவி. போனோம். என்ன விசேஷம் என்று ஐயர் கேட்டார். மகனுக்குப் புது வேலை என்றேன். ரொம்ப சந்தோஷம், எந்த ஊரில் என்று கேட்டார். நானும் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.